வீட்டில் பல்லித் தொல்லையா? கொல்லாமலே விலக்கலாம்!

மாலையில் விளக்குப் போட்டதும் சுவரில் பல்லி தலைகாட்டாத வீடு நம் கிராமங்களில் இல்லை எனலாம். ஒன்றிரண்டு இருந்தால் யாரும் பொருட்படுத்துவதில்லை. அடுப்படியிலும், நெல் வைத்திருக்கும் அறையிலும், மோட்டார் ஸ்டார்ட்டர் பெட்டியிலும் பல்லி பெருகிவிட்டால் தொல்லைதான். சிலர் துடைப்பத்தால் அடிக்கிறார்கள். இன்னும் சிலர், பயிருக்கு அடித்து மிஞ்சிய பூச்சிமருந்தைச் சுவரிலும் உத்தரத்திலும் தெளித்துவிடுகிறார்கள். இதனால் வரும் கேடு பல்லிக்கு மட்டுமல்ல, அந்த வீட்டில் படுத்துறங்கும் குழந்தைகளுக்கும்தான்.

பல்லியைக் கொல்லாமல் விலக்க வழி உண்டு. அதற்குப் பெருஞ்செலவு ஆகாது. பல்லி எதற்காக வீட்டிற்குள் வருகிறது என்பதைத் தெரிந்துகொண்டால் போதும்.

நான்கு வகை

நம் வீட்டையும் முற்றத்தையும் சுற்றி நான்கு வகைகளைக் காணலாம். சுவரில் ஊர்வது பல்லி. இது இரவில் இரை தேடும். வழவழப்பான உடலுடன் கற்குவியலிலும் சருகிலும் ஓடி ஒளிவது அரணை. வேலியிலும் மரத்திலும் தலையை ஆட்டிக்கொண்டிருப்பது ஓணான். வரப்பிலும் புற்றிலும் காணப்படும் பெரிய உருவம் உடும்பு. இந்நான்கில் எதற்கும் பாம்பைப் போல் நம்மைக் கடித்துக் கொல்லும் நஞ்சு கிடையாது. 'அரணை கடித்தால் மரணம்' என்பது பழமொழியே தவிர உண்மையன்று.

நன்மையும் தீமையும்

பல்லியின் இரை கொசு, ஈசல், அந்துப்பூச்சி, சிறு கரப்பான், சிலந்தி ஆகியவை. ஓணான் வெட்டுக்கிளியையும் வண்டுகளையும் தின்கிறது. அரணை தரையில் திரியும் பூச்சிகளைப் பிடிக்கிறது. ஆகவே இவை உழவனுக்குப் பகையல்ல. மாட்டுத் தொழுவத்திலும் வேலியிலும் இவை இருப்பது நல்லதே.

ஆனால் வீட்டிற்குள் பல்லி பெருகுவதால் மூன்று தீமைகள் உண்டு.

முதலாவது, பல்லியின் குடலிலும் எச்சத்திலும் வயிற்றுப்போக்கை உண்டாக்கும் சால்மோனெல்லா என்னும் கிருமி இருக்கக்கூடும். பல்லி விழுந்த பாலையும் குழம்பையும் கொட்டிவிட வேண்டும் என்பது இதனாலேயே. கொதிக்கவைத்துப் பயன்படுத்தலாம் என்று எண்ணக் கூடாது.

இரண்டாவது, பல்லியைத் தேடிப் பாம்பு வரும். கட்டுவிரியனைப் போலவே தோற்றமுடைய நஞ்சற்ற பாம்பு ஒன்று பல்லி பிடிப்பதற்காகவே வீடுகளுக்குள் நுழைகிறது. இருட்டில் இரண்டிற்கும் வேறுபாடு காண்பது எளிதல்ல.

மூன்றாவது, பம்புசெட் ஸ்டார்ட்டர் பெட்டிக்குள் புகும் பல்லி, மின்தொடுமுனைகளுக்கு இடையே சிக்கி நசுங்கும். ஒரு முனை சரியாகத் தொடாமல் போனால் மும்முனை மின்சாரத்தில் ஒரு முனை அறுந்து, மோட்டார் சூடேறிக் காயில் எரிந்துபோகும். ஒரு சிறு பல்லியால் பாசனமே நின்றுபோவதும் உண்டு.

ஏன் வருகிறது?

இரை, இடுக்கு, ஈரம் ஆகிய மூன்றையும் நாடியே பல்லி வருகிறது. விளக்கொளிக்குப் பூச்சி வருகிறது. பூச்சியைத் தேடிப் பல்லி வருகிறது. பகலில் ஒளிந்திருக்கவும் முட்டையிடவும் அதற்கு இடுக்கு வேண்டும். பெண் பல்லி ஒரு தடவைக்குப் பெரும்பாலும் இரண்டு முட்டைகளைச் சுவர் வெடிப்பிலோ, படச்சட்டத்தின் பின்னாலோ இடுகிறது. இம்மூன்றையும் குறைக்காமல் பத்துப் பல்லிகளை அடித்துக் கொன்றாலும், காலியான இடத்திற்கு வெளியிலிருந்து வேறு பல்லிகள் வந்து சேரும்.

முதலில் எச்சத்தைப் பாருங்கள்

பல்லி எச்சத்தை எலிப்புழுக்கை என்று எண்ணி எலிமருந்து வைப்பவர்கள் உண்டு. பல்லி எச்சம் கரும்பழுப்பாக இருக்கும்; அதன் ஒரு முனையில் வெள்ளை நிறப் பொட்டு ஒட்டியிருக்கும். எலிப்புழுக்கையில் இந்த வெள்ளை இராது. இதைத் தெரிந்துகொண்டால் தேவையில்லாமல் வீட்டிற்குள் நஞ்சு வைப்பதைத் தவிர்க்கலாம்.

வீட்டில் செய்ய வேண்டியவை

1. விளக்கை இடம் மாற்றுங்கள்: வாசற்கதவுக்கு நேர் மேலே விளக்கு இருந்தால் பூச்சியும் பல்லியும் கதவருகே கூடும், கதவு திறக்கும்போது உள்ளே நுழையும். விளக்கைக் கதவிலிருந்து பத்துப் பதினைந்து அடி தள்ளி ஒரு கம்பத்திலோ, தொழுவத்துச் சுவரிலோ பொருத்துங்கள். பல்லிகள் பெரும்பாலும் அங்கே போய்விடும். வாசலில் விளக்கு வேண்டுமானால் வெண்ணிற பல்பை விட மஞ்சள் நிற பல்பு நல்லது. அதற்குப் பூச்சிகள் குறைவாகவே வரும். ஈசல் பறக்கும் மழைக்கால மாலைகளில் ஒரு மணி நேரம் விளக்கை அணைத்துவையுங்கள்.

2. சந்துகளை அடையுங்கள்: கதவு நிலைக்கும் சுவருக்கும் இடையிலுள்ள சந்து, குழாய் நுழையும் துளை, சுவர் வெடிப்பு ஆகியவற்றைச் சிமெண்டுக் கலவையால் பூசுங்கள். சன்னலுக்குக் கொசுவலை அடியுங்கள். கதவின் அடியில் பழைய சைக்கிள் டியூபை நீளமாக வெட்டி ஆணி அடித்தால் போதும். இரவில் பல்லி இரைதேட வெளியே போன பின் அடைப்பது சிறந்தது. பகலில் அடைத்தால் பல்லி உள்ளேயே சிக்கி இறந்து நாற்றமடிக்கும்.

3. மறைவிடத்தைக் குறையுங்கள்: காலண்டர், படச்சட்டம், டியூப்லைட் பட்டை ஆகியவற்றின் பின்புறமே பல்லிக்குப் பிடித்த இடம். படங்களின் பின்னால் நான்கு மூலையிலும் சிறு கட்டை வைத்துச் சுவரிலிருந்து இரண்டு விரல் தள்ளி மாட்டினால் அங்கே ஒதுங்க முடியாது. மாதம் ஒருமுறை இவற்றை எடுத்துத் துடையுங்கள்.

4. அடுப்படியைச் சுத்தமாக வையுங்கள்: இரவில் எச்சில் பாத்திரத்தைக் கழுவாமல் போட்டால் கரப்பான் வரும், அதன்பின் பல்லி வரும். சொட்டும் குழாயைச் சரி செய்யுங்கள். ஓட்டு வீட்டில் எல்லாச் சந்துகளையும் அடைப்பது இயலாது. அங்கே பாதுகாப்பு மூடிதான். பால், குடிநீர், மாவு, சோறு எதுவாயினும் இறுக மூடி வைக்க வேண்டும்.

தானிய அறையில் பல்லி இருந்தால்

நெல்லையும் பயறையும் பல்லி தின்னாது. தானிய அறையில் பல்லிகள் கூடினால் அங்கே அந்துப்பூச்சியோ வண்டோ பெருகியிருக்கிறது என்பதற்கு அது ஓர் அறிகுறி. எனவே பல்லியை விரட்டுமுன் மூட்டையைப் பிரித்துப் பாருங்கள். தானியத்தை வெயிலில் நன்கு உலர்த்துங்கள். நெல்லின் ஈரம் 14 சதவீதத்திற்குக் கீழே இருக்க வேண்டும். மூட்டைகளைத் தரையில் வைக்காமல் மரச்சட்டத்தின் மேல், சுவரிலிருந்து தள்ளி அடுக்குங்கள். பூச்சி ஒழிந்தால் பல்லியும் போய்விடும்.

ஸ்டார்ட்டர் பெட்டி

கேபிள் நுழையும் துளைகளுக்கு ரப்பர் வளையம் பொருத்துங்கள். பயன்படாத துளைகளை மூடுங்கள். பெட்டியின் கதவு இடைவெளியின்றிச் சாத்த வேண்டும். பெட்டிக்கு நேர் மேலே எரியும் பல்பை மோட்டார் அறையின் வெளிப்புறத்திற்கு மாற்றுங்கள். பெட்டியைத் திறக்குமுன் மெயின் சுவிட்சை நிறுத்துவது மிக அவசியம். உள்வேலைக்கு மின்பணியாளரையே அழையுங்கள்.

உள்ளே அகப்பட்டதை வெளியேற்றும் முறை

விடியற்காலைக் குளிரில் பல்லி மந்தமாக இருக்கும். அகன்ற வாயுள்ள ஒரு டப்பாவை அதன்மேல் மெதுவாகக் கவிழ்த்து, சுவருக்கும் டப்பாவுக்கும் இடையே கெட்டி அட்டையைச் செருகுங்கள். அப்படியே எடுத்துச் சென்று விறகுக் குவியலிலோ மரத்தடியிலோ விட்டுவிடலாம். வாலைப் பிடிக்கக் கூடாது. தப்புவதற்காகப் பல்லி தன் வாலைத் தானே கழற்றிவிடும். வால் மறுபடி வளரும். ஆனால் அதற்கு நாள் ஆகும். பல்லியைத் தொட்டாலும் எச்சத்தை அள்ளினாலும் சோப்புப் போட்டுக் கை கழுவுங்கள்.

முற்றமும் கோழிக்கூண்டும்

உடைந்த ஓடு, செங்கல், சருகு ஆகியவற்றை வீட்டுச் சுவரை ஒட்டிக் குவித்து வைத்தால் அரணை மட்டுமல்ல, தேளும் பாம்பும் தங்கும். அவற்றை வீட்டிலிருந்து தள்ளிப் போடுங்கள். வேலியில் இருக்கும் ஓணானை ஒன்றும் செய்ய வேண்டாம். சிறுவர்கள் ஈர்க்கில் சுருக்குப் போட்டு ஓணானைப் பிடித்து வதைப்பதைத் தடுங்கள். அது நம் தோட்டத்துக் காவலாள் என்று அவர்களுக்கு எடுத்துச் சொல்லுங்கள்.

உடும்பு எலியையும் நண்டையும் தின்னும்; கோழிமுட்டையையும் குஞ்சையும் கூட எடுத்துப் போகும். அது பகலில் திரிவது. ஆகவே பகலிலும் அடைக்காப்புக் கோழியைக் கம்பிவலை அடித்த கூண்டில் வையுங்கள். உடும்பு மண்ணைத் தோண்டவும் மேலே ஏறவும் வல்லது. எனவே வலையை ஓர் அடி ஆழம் மண்ணில் புதைத்து, மேற்புறத்தையும் மூட வேண்டும். முட்டையைப் பகலில் இரண்டு மூன்று முறை எடுத்துவிடுங்கள். உடும்பு வீட்டிற்குள் வந்துவிட்டால் வெளிக்கதவு ஒன்றை மட்டும் திறந்துவைத்து எல்லோரும் ஒதுங்கி நில்லுங்கள், தானே போய்விடும். போகாவிட்டால் வனத்துறைக்கோ தீயணைப்பு நிலையத்திற்கோ தெரிவியுங்கள்.

உடும்பு 1972ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் உள்ளது. கறிக்காகவோ எண்ணெய்க்காகவோ அதைப் பிடிப்பதும் கொல்வதும் 3 முதல் 7 ஆண்டு வரை சிறைத் தண்டனையும் அபராதமும் தரும் குற்றமாகும்.

செய்யக் கூடாதவை

• பயிருக்கான பூச்சிமருந்தை எக்காரணம் கொண்டும் வீட்டிற்குள் தெளிக்காதீர்கள். அது சுவரிலும் தரையிலும் படிந்து, தவழும் குழந்தையின் கை வழியே வாய்க்குப் போகும். மருந்து தின்ற பூச்சியும் பல்லியும் பாத்திரத்தில் விழுந்தால் இன்னும் ஆபத்து.

• பசை அட்டை வைக்காதீர்கள். அதில் ஒட்டிய பல்லி நாள் கணக்கில் துடித்துச் சாகும். தவறி ஒட்டிக்கொண்டால் சமையல் எண்ணெயைச் சில துளி விட்டு மெல்லப் பிரித்துவிடலாம்.

• அந்துருண்டையை அடுப்படியிலும் தானிய அறையிலும் போடாதீர்கள். மிட்டாய் என்று எண்ணிக் குழந்தை விழுங்கிவிட்டால் உயிருக்கே ஆபத்து.

• முட்டை ஓடு, மயிலிறகு மாட்டுவதால் கேடு இல்லை. ஆனால் நம்பத்தக்க பலனும் இல்லை.

கடித்தால்?

பல்லியோ அரணையோ கடித்தது கண்ணால் பார்த்துத் தெரிந்தால், காயத்தைச் சோப்பும் நீரும் கொண்டு கழுவினால் போதும். உடும்புக் கடி ஆழமாக இருக்கும். மருத்துவரிடம் காட்டித் தடுப்பூசி போட்டுக்கொள்ள வேண்டும். இருட்டில் கடித்தது எதுவென்று தெரியாதபோது 'பல்லியாகத்தான் இருக்கும்' என்று படுத்துவிடாதீர்கள். கட்டுவிரியன் கடியில் வலியும் வீக்கமும் பெரும்பாலும் இராது. எனவே உடனே அரசு மருத்துவமனைக்குச் செல்லுங்கள்; 108 வண்டியை அழைக்கலாம். தாமதம் உயிரைப் பறித்துவிடும்.

உழவர் பெருமக்களே! விளக்கைத் தள்ளி வைப்பதும், சந்தை அடைப்பதும், பாத்திரத்தை மூடுவதும் ஒரு நாள் வேலைதான். வீட்டிற்குள் தொல்லை தருகிற அதே பல்லி, தொழுவத்துச் சுவரில் இருந்தால் நமக்கு உதவும் பிராணி. அதன் இடத்தை மாற்றுவது நம் கையில்தான் இருக்கிறது. இன்று மாலை விளக்குப் போட்டதும் வாசலில் நின்று, பூச்சி எங்கே கூடுகிறது என்று பாருங்கள். முதல் வேலையை அங்கிருந்தே தொடங்கலாம்.