'ஒளிப்பதிவு' எனும் சொல்லும் சுப்ரத மித்ராவின் கலையும்

திரைப்படக் கேமராக் கலையைத் தமிழில் ஒளிப்பதிவு என்கிறோம். இந்தியில் அது சாயாங்கன்; மலையாளத்திலும் கன்னடத்திலும் சாயாக்கிரகணம். 'சாயா' எனும் வடசொல் நிழலையும் உருத்தோற்றத்தையும் ஒருங்கே குறிக்கும். தமிழ்ச்சொல் ஒளியை முன்னிறுத்துகிறது. ஆயினும் அதன் பிற்பகுதியாகிய 'பதிவு', முன்பே உள்ளதொன்றை ஏற்றுக் காத்துவைக்கும் செயலையே சுட்டும். ஒளியை ஆக்கும் செயலுக்கு இத்தொடரில் இடமில்லை. மொழிபெயர்ப்பாளருக்கு இதனால் நேரும் இடர்ப்பாட்டை வங்காள ஒளிப்பதிவாளர் சுப்ரத மித்ராவின் (1930–2001) பணிகொண்டு விளக்கலாம்.

ழான் ரெனுவார் வங்காளத்தில் எடுத்த 'தி ரிவர்' படப்பிடிப்பை உடனிருந்து நோக்கியதே மித்ரா பெற்ற பயிற்சி. திரைப்படக் கேமராவை அதற்குமுன் இயக்கியறியாத அவர், இருபது வயதைக் கடந்த சில ஆண்டுகளிலேயே சத்யஜித் ராயின் 'பதேர் பாஞ்சாலி'க்கு (1955) ஒளிப்பதிவாளரானார். ராயுடன் அவர் பணியாற்றிய இறுதிப்படம் 'நாயக்' (1966).

இங்குக் கருதத்தக்கது 'அபராஜிதோ' (1956). காசி நகரத்து வீடொன்றின் உட்புறத்தைத் திறந்தவெளியில் அமைக்கவே முதலில் எண்ணினர். மழைக்கு அஞ்சிய கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தா அதனைக் கல்கத்தா ஸ்டுடியோவொன்றினுள் அமைத்தார். அத்தகைய வீட்டு முற்றத்தில் வானொளி மேலிருந்து இறங்கும். நேர்வெயில் படாதபோது நிழல் கூர்மையாக விழாது. ஸ்டுடியோ விளக்குகளை நேரே பாய்ச்சினாலோ ஒருவருக்கே இரண்டு மூன்று நிழல்கள் தோன்றும். மித்ரா முற்றத்தின்மேல் வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டி, கீழிருந்து விளக்குகளை அதன்மேல் பாய்ச்சி, திரும்பி இறங்கிய ஒளியில் படமெடுத்தார்.

இம்முறையைப் படப்பிடிப்புத் தளத்தார் 'பவுன்ஸ்' என்பர். இயற்பியல் பாடநூலைப் பின்பற்றி 'எதிரொளிப்பு' என்று பெயர்த்தல் எளிது. ஆனால் அச்சொல் முதலில் நினைவூட்டுவது கண்ணாடியை. கண்ணாடியிற் பட்ட கதிர் ஒருமுகமாகவே திரும்பும். துணியிற் பட்டது பல திசையிலும் சிதறும். மித்ரா வேண்டியது இச்சிதறலையே. எனவே 'துணியிற்பட்டுப் பரவும் ஒளி' என விரித்தெழுதுவதே தகும் என்பது என் கருத்து. சொல் நீளும், செயல் புலப்படும். (தமிழில் 'ஒளி' வினையாகுங்கால் மறைதலைக் குறிப்பது தனிச்செய்தி. விளக்கிருக்கும் இடம் மறைந்தால்தான் இவ்வொளி வானொளியாகத் தோன்றும்.)

'ஒளிப்பதிவாளர்' எனும் பெயர் நிலைபெற்றுவிட்டது. அதனை மாற்ற வேண்டுவதில்லை. கவனம் வேண்டுவது வினைச்சொல்லில். 'காசி முற்றத்து ஒளியை மித்ரா பதிவு செய்தார்' என மொழிபெயர்ப்பின் அது பிழையான செய்தியாகும். அந்த அரங்கில் காசியின் ஒளி இல்லை. 'அமைத்தார்', 'பரப்பினார்' என்பன பொருந்தும். நதிக்கரைப் படித்துறைக் காட்சிகளுக்கோ 'பதிவு செய்தார்' என்பதே போதும்.