முதலாளி சொன்னார் என்றால் போதுமா?

புக்கிட் ரோத்தான் பக்கம் தோட்டத்தில் வளர்ந்த ஒரு பெண், கோல சிலாங்கூர் டவுனில் ஓர் அச்சகத்தில் வேலைக்குச் சேர்கிறார் என்று வைத்துக்கொள்வோம். கல்யாண பேனர், கோயில் திருவிழா நோட்டீஸ் வடிவமைப்பதுதான் வேலை. முதல் வாரமே முதலாளி ஒரு பென்டிரைவை நீட்டி, "தங்கச்சி, இந்த சாப்ட்வேரை அஞ்சு கம்ப்யூட்டரிலும் போட்டுடும்மா" என்கிறார். காசு கொடுத்து வாங்கியது அல்ல, திருட்டுப் பிரதி. பிறகு ஒரு நாள் உள்நாட்டு வாணிப அமைச்சின் அமலாக்க அதிகாரிகள் கடைக்கு வந்தால் யார் மாட்டுவது?

முதலாளிதானே என்று நம்மில் பலர் நினைக்கிறோம். அது பாதிதான் சரி.

1987-ஆம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டத்தின் 41-ஆவது பிரிவு 'எந்த நபரும்' என்றே பேசுகிறது. சம்பளத்துக்கு வேலை செய்பவர் என்று யாருக்கும் அதில் விலக்கு இல்லை. சொந்த, வீட்டு உபயோகத்துக்கு அல்லாமல் திருட்டுப் பிரதியை வைத்திருந்தால் குற்றம். விற்பதற்காகத் தயாரித்தாலும் குற்றம். போட்டோஸ்டேட் கடையில் பாடப்புத்தகத்தை முழுதாக நகலெடுத்து, பைண்டிங் போட்டு விற்பது இரண்டாவது வகை. அபராதம் ஒவ்வொரு பிரதிக்கும் 2,000 முதல் 20,000 ரிங்கிட் வரை. அல்லது 5 ஆண்டு வரை சிறை. இரண்டும் சேர்ந்தும் வரலாம். 'ஒவ்வொரு பிரதிக்கும்' என்பதைக் கவனியுங்கள். ஐந்து பிரதி என்றால் குறைந்தது 10,000 ரிங்கிட். மாதம் 1,700 ரிங்கிட் குறைந்தபட்சச் சம்பளம் வாங்குகிறவருக்கு அது கிட்டத்தட்ட ஆறு மாத உழைப்பு.

தப்பிக்கச் சட்டம் ஒரு வழி வைத்திருக்கிறது. நல்லெண்ணத்தோடு நடந்தேன், இதில் உரிமை மீறல் இருக்கும் என்று சந்தேகிக்கக் காரணமே இல்லை என்று குற்றம் சாட்டப்பட்டவர் நிரூபிக்க வேண்டும். ஏற்கெனவே சாப்ட்வேர் போட்டிருந்த கணினியில் வந்து உட்கார்ந்து வேலை செய்த கிராணிக்கு இது கைகொடுக்கலாம். பென்டிரைவை வாங்கி, பூட்டை உடைக்கும் வழிமுறையைப் படித்துப் பதிவேற்றியவர் "எனக்குத் தெரியாது" என்று சொன்னால் யார் நம்புவார்?

இன்னொன்று, நம் பிள்ளைகளுக்குச் சம்பளத்தைக் கூட்டாமல் 'மேனேஜர்' பட்டம் மட்டும் கொடுக்கும் கடைகள் உண்டு. கம்பெனி செய்த குற்றத்துக்கு இயக்குநர், செயலாளர், மேனேஜர் எல்லாரும் குற்றவாளிகளாகவே கருதப்படுவார்கள். தன் சம்மதம் இல்லாமல் நடந்தது, தடுக்க வேண்டிய கவனமும் எடுத்தேன் என்று அவர்தான் காட்ட வேண்டும். பெயர் அட்டையில் பட்டம் அச்சடிக்கும் முன் இதை யோசிப்பது நல்லது.

சிவில் வழக்கு வேறு. மீறியவர், மீறச் செய்தவர் இருவர் மீதும் போடலாம். நடைமுறையில் பணம் இருக்கும் இடத்தைத்தான் வழக்கு தேடும், ஆகவே முதலாளி முதலில் சிக்குவார். ஆனால் அவருக்குத் தெரியாமல் நீங்களே வீட்டிலிருந்து ஒரு பிரதியைக் கொண்டுவந்து போட்டிருந்தால், அவர் விரல் உங்களை நோக்கித்தான் நீளும்.

ஆகவே அப்படிப் போடச் சொன்னால், "இதுக்கு லைசென்ஸ் இருக்கா அண்ணே?" என்று மரியாதையாக வாட்ஸ்அப்பில் கேளுங்கள். வாயால் கேட்டது காற்றோடு போகும், எழுத்தில் கேட்டது நாளைக்குச் சாட்சி. பதிலை அழிக்காதீர்கள். அதிகாரிகள் வந்த பிறகு கணினியில் எதையும் அழிக்கவே கூடாது. அபராதத்தை உன் சம்பளத்தில் பிடிப்பேன் என்று முதலாளி மிரட்டினால், 1955-ஆம் ஆண்டு வேலைச் சட்டத்தின் 24-ஆவது பிரிவு அனுமதிக்காத பிடித்தம் செல்லாது. தொழிலாளர் இலாகாவில் புகார் கொடுக்கலாம்.

மறுத்ததற்காக வேலையை விட்டு நிறுத்தினால், நிறுத்திய நாளிலிருந்து 60 நாளுக்குள் தொழிலுறவு இலாகாவில், அதாவது ஜபாத்தான் பெர்ஹுபுங்கான் பெருசஹானில், மீண்டும் வேலை கேட்டு மனு கொடுக்க வேண்டும். அக்கம்பக்கத்தில் விசாரித்துக்கொண்டே அந்த 60 நாளைக் கோட்டை விடாதீர்கள்.