திரைக்கதையாசிரியர் எதன் மேல் நிற்கிறார்? பழைய செங்கல்பட்டு மாவட்டத்தை முன்வைத்து ஓர் ஆய்வு

முன்னுரை

திரைக்கதை எழுதுவதை ஒரு கலையாக விளக்கும் நூல்கள் தமிழில் உண்டு. சுஜாதாவின் ‘திரைக்கதை எழுதுவது எப்படி?’ அவற்றுள் பரவலாக அறியப்பட்டது. அதனை ஒரு பிழைப்பாக, ஒருவர் முப்பது ஆண்டுகள் நம்பிக் குடும்பம் நடத்தத்தக்க தொழிலாக நோக்கிய எழுத்துகள் குறைவு. எழுதக் கற்றவர் எப்படி நிலைக்கிறார் என்னும் அக்கேள்வியையே இக்கட்டுரை எடுத்துக்கொள்கிறது.

ஆய்வுக் களம் பழைய செங்கல்பட்டு மாவட்டம். இன்று காஞ்சிபுரம் மாவட்டத்தில் உள்ள உத்திரமேரூரும், 2019இல் உருவான செங்கல்பட்டு மாவட்டத்தில் உள்ள மதுராந்தகமும், சென்னையையொட்டிய பம்மலும் 1997ஆம் ஆண்டுப் பிரிவினைக்கு முன் ஒரே மாவட்டத்தில் இருந்தவை. இந்நிலப்பரப்போடு தொடர்புடைய நால்வர் தமிழ்த் திரையெழுத்தின் நான்கு கட்டங்களில் இடம்பெறுகின்றனர். பம்மல் சம்பந்த முதலியார், இளங்கோவன், அறிஞர் அண்ணா, ஸ்ரீதர் ஆகியோரே அந்நால்வர். எழுத்துக்கூலி மட்டும் ஒரு திரையெழுத்தாளரை நெடுங்காலம் தாங்கியதில்லை, அவரைத் தாங்கியது வேறொன்று, அது காலந்தோறும் மாறியது என்பது இவர்களை ஒருசேரப் பார்க்கும்போது புலப்படுகிறது.

கூத்து வாத்தியாரும் கதை சொல்பவரும்

திரைக்கு முன்பே இவ்வட்டாரத்தில் கதையைக் காட்சியாக்கும் தொழில் இருந்தது. கோடையில் திரௌபதி அம்மன் கோவில்களில் நடைபெறும் பாரத விழாவில் பகலில் பிரசங்கமும் இரவில் கூத்தும் நிகழும். உத்திரமேரூரைச் சுற்றியுள்ள சிற்றூர்களுக்கு இது புதிதன்று. அண்டையிலுள்ள செய்யாறு வட்டத்துப் புரிசை, கண்ணப்பத் தம்பிரானால் தமிழகத்துக்கு அப்பாலும் அறியப்பட்ட கூத்து மரபினையுடையது. 1977இல் கூத்துப்பட்டறையைத் தொடங்கிய ந.முத்துசாமி அவரிடமிருந்து பெற்றவை பல.

கூத்தில் வாத்தியார் என்பவர் ஆசிரியர் மட்டுமல்லர். எந்த இரவில் எந்தக் கதை, எங்கே விருத்தம், எங்கே வசனம், விடிவதற்குள் எதைச் சுருக்குவது என்பனவற்றை முடிவுசெய்பவர் அவரே. இன்றைய சொல்லில் கூறின், அது திரைக்கதைப் பணி. ஆனால் அதற்கெனத் தனிக்கூலி கிடையாது. அவரும் ஆடுபவர் அல்லது பாடுபவர் என்பதால் ஆட்டக்கூலியில் அவருடைய பங்கு அடங்கியிருக்கும். பருவம் முடிந்தால் உழவோ வேறு வேலையோ உண்டு. ஊரார் வெற்றிலை பாக்குடன் முன்பணம் கொடுத்தால் அது வாய்மொழி ஒப்பந்தம். அதனை மீறினால் அடுத்த ஆண்டு அந்த ஊர் அழைக்காது, பக்கத்து ஊரும் யோசிக்கும். எழுதாத ஒப்பந்தத்துக்கு ஊரே பிணை.

திரைத்துறையிலும் கதை வாயால்தான் சொல்லப்படுகிறது. தயாரிப்பாளரிடமோ நடிகரிடமோ இரண்டு மணிநேரம் ‘கதை சொல்லி’ ஒப்புதல் பெறுவது இன்றும் தொழிலின் வாசல். அங்கே பிணையாக நிற்க ஓர் ஊர் இல்லை. மரபு ஒன்றாயினும் அதன் காப்பு கழன்றுவிட்டது என்பதே இவ்விரண்டுக்கும் இடையிலுள்ள முதன்மையான வேறுபாடு என்று கருதுகிறேன்.

நால்வரும் அவர்தம் அடித்தளமும்

பம்மல் சம்பந்த முதலியார் (1873–1964) 1891இல் சுகுண விலாச சபையைத் தொடங்கியவர். வழக்கறிஞராகவும் பின்னர்ச் சென்னைச் சிறு வழக்கு நீதிமன்ற நீதிபதியாகவும் பணியாற்றினார். அவர் நாடகங்களிலிருந்து ‘சபாபதி’ (1941), ‘வேதாள உலகம்’ (1948), ‘மனோகரா’ (1954) முதலிய படங்கள் உருவாயின. அவருக்கு எழுத்து வருவாய்க்கான வழி என்பதைவிட மதிப்புக்கான வழி. நீதிமன்றம் சோறு போட்டது. தம் நாடகங்களை ஆட விரும்புவோர் அனுமதி பெறவேண்டும் என்பதில் அவர் கருத்தாக இருந்தமைக்கும் சட்டம் கற்றவர் என்பதே காரணமாகலாம்.

இளங்கோவன் நிலை வேறு. தணிகாசலம் என்னும் இயற்பெயருடைய அவர் மணிக்கொடி வட்டத்திலிருந்து திரைக்கு வந்தவர். தமிழ் அறியாத அமெரிக்கரான எல்லிஸ் ஆர்.டங்கன் இயக்கிய ‘அம்பிகாபதி’ (1937) அவருக்குப் புகழ் தேடித் தந்தது. ‘அசோக்குமார்’ (1941), ‘கண்ணகி’ (1942), ‘சிவகவி’ (1943), ‘ஹரிதாஸ்’ (1944) ஆகியவற்றின் வசனம் அவருடையது. பாட்டே படமாக இருந்த காலத்தில் வசனத்துக்காகவும் மக்கள் வருவர் என்று காட்டியவர் அவர். நால்வருள் திரையெழுத்தையே முழுநேரத் தொழிலாகக் கொண்டு, தமக்கென நாடகக்குழுவோ இதழோ படநிறுவனமோ இன்றி நின்றவரும் அவரே. 1950களில் வசனத்தின் முதன்மைப் பெயர் மு.கருணாநிதியுடையதாயிற்று. நடை மாறியபோது இளங்கோவன் காலூன்ற வேறு நிலம் இல்லை.

அதே மணிக்கொடி வட்டத்தின் புதுமைப்பித்தனையும் இங்கே ஒப்பிடலாம். அவர் இம்மாவட்டத்தவர் அல்லர். பத்திரிகை வேலையை விட்டுத் திரைக்குச் சென்றார், சொந்தமாகப் படம் எடுக்கவும் முயன்றார், ‘ராஜமுக்தி’ பணிக்காகப் புனே சென்றார். காசநோயோடு திரும்பி 1948இல் மறைந்தார். படம் அவர் மறைவுக்குப் பின்னரே வெளிவந்தது. தமிழ்ச் சிறுகதையின் முதல்வரிசைப் பெயராக இருப்பது திரையுலகில் ஒரு மாத வாடகைக்கும் ஈடாகவில்லை.

காஞ்சிபுரத்தில் 1909இல் பிறந்த அண்ணா திரைக்கு வருமுன்பே மூன்று தளங்களைக் கட்டியிருந்தார். 1942இல் காஞ்சியிலிருந்து ‘திராவிட நாடு’ இதழ், கே.ஆர்.ராமசாமியின் நாடகக்குழு வழியே மேடை, ஊர்தோறும் கேட்போரைத் திரட்டித் தந்த இயக்கம் ஆகியனவே அவை. ‘நல்லதம்பி’, ‘வேலைக்காரி’ (இரண்டும் 1949), ‘ஓர் இரவு’ (1951), ‘சொர்க்கவாசல்’ (1954) ஆகியன இத்தளங்களின் மேல் எழுந்தவை. ‘ஓர் இரவு’ திரைக்கதையை ஒரே இரவில் எழுதி முடித்தார் என்று வியந்து கூறுவது வழக்கம். அது ஏற்கெனவே மேடையேறி, கைதட்டலும் கொட்டாவியும் எங்கே வரும் என்று அறியப்பட்ட நாடகம் என்பதை வியப்போர் சேர்த்துச் சொல்வதில்லை. அந்த ஓர் இரவுக்குப் பின்னால் பல இரவுகள் உண்டு. இன்னொன்றும் கவனிக்கத்தக்கது: திரை கைவிட்டாலும் அண்ணா எழுத்தாளராகவே இருந்திருப்பார். பேரம் பேசும் வலிமை அந்நிலையிலிருந்தே வருகிறது.

மதுராந்தகம் வட்டாரத்துச் சித்தாமூரைச் சேர்ந்த ஸ்ரீதர் (1933–2008) இன்றைய இளைஞருக்கு நெருக்கமான சான்று. திரைக்கு வந்தபோது அவருக்குக் கட்சியுமில்லை, இதழுமில்லை. அவர் எழுதிய ‘இரத்தபாசம்’ டி.கே.எஸ். சகோதரர்களால் மேடையேற்றப்பட்டு 1954இல் படமாயிற்று. அதே ஆண்டில் ‘எதிர்பாராதது’, 1956இல் ‘அமரதீபம்’. வீனஸ் பிக்சர்ஸில் பங்குதாரராகி, ‘கல்யாணப்பரிசு’ (1959) மூலம் இயக்குநரானார், பின்னர்ச் சித்ராலயா என்னும் சொந்த நிறுவனத்தை அமைத்தார். செங்கல்பட்டுப் பள்ளித் தோழர் கோபுவையும் உடனழைத்துக் கொண்டார். ‘காதலிக்க நேரமில்லை’ (1964) அந்தக் கூட்டின் பயன். எழுத்தாளர் தம் எழுத்தைக் காக்க இயக்குநராகவும் தயாரிப்பாளராகவும் ஆகவேண்டும் என்னும் பாதையை அவர் வெற்றிகரமாகக் காட்டினார். அந்த வெற்றிக்குப் பின்வந்த எழுத்தாளர்கள் ஒரு விலை கொடுத்தனர்.

மாதச் சம்பளமும் அதன் மறைவும்

அவ்விலையை அறிய, இடையில் இருந்து மறைந்த ஒரு ஏற்பாட்டைக் காணவேண்டும். எஸ்.எஸ்.வாசனின் ஜெமினியில் ‘கதை இலாகா’ என்றொரு துறை இருந்தது. கொத்தமங்கலம் சுப்பு, கே.ஜே.மகாதேவன், சங்கு, கிட்டு, நைனா ஆகியோர் அதில் கூடிக் கதை அமைத்தனர். ‘சந்திரலேகா’ (1948) அக்கூட்டுழைப்பின் விளைவு. சேலம் மாடர்ன் தியேட்டர்ஸும் எழுத்தாளர்களுக்குச் சம்பளம் தந்தது. கருணாநிதி ‘மந்திரி குமாரி’ (1950) எழுதியது அங்கேதான். படம் ஓடினாலும் ஓடாவிட்டாலும் மாதம் பிறந்தால் சம்பளம் என்பது எழுத்தாளருக்குத் தோற்றுப் பார்க்கும் உரிமையைத் தந்தது.

ஸ்டுடியோ முறை தளர்ந்தபின் அந்த உரிமை போயிற்று. அதன் இடத்தில் ‘கதை, திரைக்கதை, வசனம், இயக்கம்’ என்று நான்கு சொல்லும் ஒரே பெயரும் கொண்ட அட்டை வந்தது. எழுத்து, இயக்குநராவதற்கான நுழைவுச்சீட்டாயிற்று. எழுத விரும்புபவர் உதவி இயக்குநராகச் சேர்ந்து, நாட்படியில் சில ஆண்டுகள் கழித்துத் தம் கதையோடு தயாரிப்பாளரைத் தேடுவது இன்று எழுதப்படாத விதி. சென்னையில் வாடகை கொடுக்க வழியுள்ளவருக்கே இந்த விதி எளிது. உத்திரமேரூர்ப் பகுதி இளைஞர் நாள்தோறும் பேருந்தில் சென்று திரும்பிச் செய்யக்கூடிய வேலையன்று அது. படப்பிடிப்புக்குக் காலையும் இரவும் இல்லை.

இயக்குநராகாமல் நிலைத்தவர்கள் உண்டு. அவர்களுள் பலருக்குப் பின்னால் ஒரு வேலை இருந்தது. சுஜாதா பெங்களூர் பாரத் எலக்ட்ரானிக்ஸில் பொறியாளர். மின்னணு வாக்குப்பதிவு இயந்திர உருவாக்கத்தில் பங்குகொண்டவர். குடவோலைக் கல்வெட்டு உள்ள உத்திரமேரூரை மையமாகக் கொண்டு எழுதும்போது இதனைக் குறிப்பிடாமல் விட மனம் வரவில்லை. ‘இந்தியன்’ (1996), ‘முதல்வன்’ (1999) முதலியவற்றின் வசனத்தை எழுதியபோது அவருக்கு அந்த ஊதியத்தை நம்பியிருக்க வேண்டிய தேவை இருந்ததில்லை. ஜெயமோகனும் ‘நான் கடவுள்’ (2009) எழுதியபோது தொலைபேசித் துறையில் பணியாற்றியவர். இன்று தொலைக்காட்சித் தொடர் எழுத்து, பகுதிக்கு இவ்வளவு என்ற கணக்கில், பழைய ஸ்டுடியோ சம்பளத்துக்கு அருகில் வருகிறது. ஆய்வாளர்கள் அதனைத் தாழ்வாகக் கருதுவது, அது எத்தனை எழுத்தாளர் வீட்டில் உலை வைக்கிறது என்று பாராததால்தான்.

ஊர்ப் பிணைக்கு மாற்றாகச் சட்டம்

வாய்மொழிக் கதைக்கு ஊர் பிணை நிற்காத இடத்தில் தாள்தான் பிணை. இதில் முதலில் அறியவேண்டியது 1978ஆம் ஆண்டின் ஆர்.ஜி.ஆனந்த் எதிர் டீலக்ஸ் பிலிம்ஸ் வழக்கில் உச்சநீதிமன்றம் வகுத்த நெறி. கருவுக்குப் பதிப்புரிமை இல்லை, அக்கரு எழுத்தில் பெற்ற வடிவத்துக்கே உண்டு. ‘ஓர் ஊரில் நீர் வற்றுகிறது, ஒரு பெண் போராடுகிறாள்’ என்பது யாருக்கும் சொந்தமன்று. காட்சி காட்சியாக எழுதப்பட்ட அறுபது பக்கம் எழுதியவருக்குச் சொந்தம். எனவே எழுதாமல் கதை சொல்லப் போவது, வேலியிடாத நிலத்தில் பயிரிடுவதற்கு ஒப்பாகும்.

தென்னிந்தியத் திரைப்பட எழுத்தாளர்கள் சங்கத்தில் கதையைப் பதிவு செய்யலாம். பதிவு உரிமையை உண்டாக்குவதில்லை. எழுதியவுடன் உரிமை பிறந்துவிடுகிறது. பதிவு, இன்ன நாளில் இக்கதை இவரிடம் இருந்தது என்பதற்கான சான்று. ‘சர்கார்’ (2018) விவகாரத்தில் வருண் ராஜேந்திரன் 2007இல் பதிவுசெய்த ‘செங்கோல்’ என்னும் கதையோடு ஒற்றுமை உண்டென்று அப்போது கே.பாக்யராஜ் தலைமையிலிருந்த சங்கம் கருதியது. படத்தரப்பு அதனை மறுத்தது. சென்னை உயர்நீதிமன்றத்தில் உடன்பாடு ஏற்பட்டுப் படத்தில் அவர் பெயருக்கு அங்கீகாரம் அளிக்கப்பட்டது. பதினோராண்டுக்கு முந்தைய ஒரு பதிவு இல்லையெனில் அவ்வழக்கு பேசப்பட்டிருக்குமா என்பது ஐயமே.

1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 19ஆம் பிரிவு, உரிமை மாற்றம் எழுத்தில், கையொப்பத்துடன் இருந்தாலன்றிச் செல்லாது என்கிறது. ஒப்பந்தத்தில் வேறுவிதமாகக் கூறப்படாதவிடத்து, உரிமை பெற்றவர் ஓராண்டுக்குள் அதனைப் பயன்படுத்தாவிடில் அது காலாவதியாகும். எத்தனை ஆண்டுக்கு என்று எழுதாவிடில் ஐந்தாண்டு, எந்நிலப்பரப்பு என்று எழுதாவிடில் இந்தியா மட்டும். முன்பணம் வாங்கிக் கதையைக் கொடுத்துவிட்டு ஆண்டுக்கணக்கில் காத்திருப்போர் இவ்வோராண்டு விதியை அறிந்திருத்தல் நன்று. ‘வேறுவிதமாகக் கூறப்படாதவிடத்து’ என்னும் தொடரை அறிந்திருத்தல் அதனினும் நன்று. நிறுவனம் நீட்டும் அச்சிட்ட தாளில் பெரும்பாலும் வேறுவிதமாகத்தான் கூறப்பட்டிருக்கும்.

2012ஆம் ஆண்டுத் திருத்தம் மேலும் ஒரு படி சென்றது. திரையரங்கில் படத்தோடு காட்டப்படுவது தவிர்த்த பிற பயன்பாடுகளில், படத்தில் சேர்க்கப்பட்ட இலக்கியப் படைப்பின் ஆசிரியருக்குச் சமபங்கு உரிமத்தொகை உண்டு. அதனை அவர் விட்டுக்கொடுத்துக் கையெழுத்திட்டாலும் அக்கையெழுத்து செல்லாது. பாடலாசிரியரையும் இசையமைப்பாளரையும் மனத்திற்கொண்டு பேசப்பட்ட இத்திருத்தத்தின் சொற்கள் திரைக்கதையையும் உள்ளடக்கும். தொலைக்காட்சி மறு ஒளிபரப்பும் இணையத் தளங்களும் ஒரு படத்துக்கு இருபதாண்டு ஆயுள் தரும் காலத்தில், சம்பளமோ கட்சியோ நீதிமன்ற வேலையோ இல்லாத எழுத்தாளருக்கு எஞ்சியிருக்கும் அடித்தளம் இதுவாகவே இருக்கக்கூடும். அதனைக் கேட்டுப் பெறுவதற்கு முதலில் படத்தின் பெயர் அட்டையில் ‘திரைக்கதை’ என்னும் சொல்லுக்கு எதிரே அவர் பெயர் இருக்கவேண்டும். அட்டையில் யார் பெயர் எந்தச் சொல்லுக்கு எதிரே வரும் என்பது படப்பிடிப்பு முடிந்தபின் பேசப்படும் செய்தியாகவே இன்னும் பெரும்பாலும் இருக்கிறது.