பச்சைத் தீவுக்குப் போய் வந்தோம்

நாங்கள் பிறிஸ்பேனுக்குப் பக்கத்தில் ஒரு கோழித் தொழிற்சாலையில் வேலை செய்பவர்கள். ஆறு குடும்பங்கள், பிள்ளைகளோடு சேர்த்து 23 பேர். எங்களில் விமானத்தில் வந்தவர்களும் உண்டு, படகில் வந்தவர்களும் உண்டு. படகில் வந்தவர்களைக் கடற்கரைக்குக் கூட்டிக்கொண்டு போனால், காருக்குள்ளேயே இருந்துவிடுவார்கள். கடல் அவர்களுக்கு வேடிக்கை பார்க்கும் பொருள் அல்ல.

பிள்ளைகளுக்கு இது விளங்காது. அவர்கள் இங்கே பிறந்தவர்கள். பள்ளிக்கூடத்தில் பெரிய பவளத்திட்டைப் பற்றிப் படித்துவிட்டு வந்து, "எப்ப எங்களைக் கூட்டிக்கொண்டு போவீங்கள்?" என்று ஒரே அரியண்டம். சரி, ஒருமுறை போவோம் என்று முடிவெடுத்தோம். குடும்பத்துக்குக் கிழமைக்கு 20 டொலர் என்று ஒரு வருடம் சேர்த்தோம். 2025 யூலை பள்ளி விடுமுறையில் ஒரு கிழமை லீவு எடுத்துக்கொண்டு புறப்பட்டோம்.

எங்களோடு வேலை செய்யும் அக்கா ஒருவர் மட்டும் வரமாட்டேன் என்று நின்றார். முல்லைத்தீவுக்காரி. தகப்பன் கரைவலைத் தொழில் செய்தவர். 2012-ல் படகில் 19 நாட்கள் கடலில் கிடந்து வந்தவர். பதினோராம் நாள் எஞ்சின் நின்றுவிட்டது என்றும், தண்ணீரைப் போத்தல் மூடியால் அளந்து கொடுத்தார்கள் என்றும் ஒருநாள் சாப்பாட்டு நேரத்தில் சொன்னார். அதற்குமேல் ஒன்றும் சொல்லவில்லை. நாங்களும் கேட்கவில்லை.

"நீங்கள் போட்டு வாங்கோ. நான் கரையில நிக்கிறன். இனி ஒரு போட்டிலயும் ஏறமாட்டன் எண்டு நேர்த்தி வைச்சனான்" என்றார். பத்து வயது மகள் முகத்தைத் தூக்கிக்கொண்டு நின்றாள். கெயின்ஸ் மட்டுமாவது வருவேன் என்று கடைசியில் ஒத்துக்கொண்டார்.

கெயின்ஸ் நகரம்

பிறிஸ்பேனிலிருந்து கெயின்ஸ் ஏறக்குறைய 1,700 கிலோமீற்றர். றோட்டால் போனால் இரண்டு நாள் வேண்டும். மலிவு ரிக்கற் பார்த்து விமானத்தில் போனோம், இரண்டரை மணித்தியாலம். அங்கே இறங்கியதும் எங்களுக்கு ஊர் ஞாபகம் வந்துவிட்டது. தென்னை, மாமரம், உடம்பில் ஒட்டும் அந்த ஈரக் காற்று.

கெயின்ஸ் நகரத்துக் கடற்கரையில் இறங்கிக் குளிக்க முடியாது. வற்றுக்கு முழுவதும் சேறு, முதலையும் உண்டு. அதற்குப் பதிலாகக் கரையோரமாகப் பெரிய உப்புநீர்த் தடாகம் ஒன்றைக் கட்டி 2003-ல் திறந்திருக்கிறார்கள். காசு வாங்குவதில்லை, உயிர்காப்பாளர்கள் நிற்பார்கள். முதல்நாள் பின்னேரம் எல்லோரும் அங்கே போய், முகமூடியும் மூச்சுக்குழாயும் போட்டுப் பழகினோம். இதை நீங்களும் செய்யுங்கள். வாயால் மூச்செடுக்கப் பழகாமல் நேரே கடலில் இறங்கினால், பெரியவர்களே பதறிப்போவார்கள்.

படிவமும் பெயரும்

காலையில் துறைமுகத்துக்குப் போனோம். அக்கா வழியனுப்ப வந்தார். மகள் அவருடைய கையை விடவில்லை. ஒன்றும் பேசவில்லை, விடவுமில்லை. அக்கா எங்களைப் பார்த்தார், பிள்ளையைப் பார்த்தார், பிறகு ரிக்கற் இருக்கிறதா என்று கேட்டார். நாங்கள் அவருக்கும் சேர்த்தே எடுத்து வைத்திருந்தோம் என்பதை அப்போதுதான் சொன்னோம்.

ஏறும் இடத்தில் ஒரு பிள்ளை ஒவ்வொருவரையும் எண்ணி, பட்டியலோடு சரிபார்த்தது. அக்காவின் முகம் மாறிவிட்டது. ஏன் என்று எங்களுக்குத் தெரியும். தடுப்புமுகாமில் எங்கள் ஆட்களைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டது குறைவு. படகுக்கு மூன்று எழுத்து, ஆளுக்கு ஒரு இலக்கம். அந்த எழுத்தையும் இலக்கத்தையும் சேர்த்துத்தான் கூப்பிடுவார்கள். காலையிலும் இரவிலும் எண்ணுவார்கள். ஒருவரும் வெளியே போய்விடக் கூடாது என்பதற்காக எண்ணினார்கள்.

இங்கே எண்ணுவது வேறு காரணத்துக்கு. 1998-ல் இந்தக் கடலில் ஒரு படகு, ஆட்களைப் பிழையாக எண்ணி, சுழியோடிகள் இருவரை விட்டுவிட்டுக் கரைக்குத் திரும்பிவிட்டது. அவர்கள் பிறகு கிடைக்கவேயில்லை. அதன்பின் குயின்ஸ்லாந்தில் எண்ணும் விதிகளை இறுக்கினார்கள். எங்களுக்குள் கொஞ்சம் ஆங்கிலம் தெரிந்த ஒருவர் இதைக் கேட்டறிந்து அக்காவுக்குச் சொன்னார்: "அக்கா, ஒருத்தரையும் விட்டிட்டு வரக்கூடாது எண்டுதான் எண்ணுகினம்." அவர் தலையை ஆட்டிவிட்டு ஏறினார்.

மூச்சுக்குழாயோடு நீந்துபவர்களுக்கு ஒரு படிவம் தருவார்கள். இதய வருத்தம், ஆஸ்மா, வலிப்பு, எடுக்கும் மருந்து எல்லாம் கேட்டிருக்கும். எங்கள் ஆட்களுக்குப் படிவம் என்றாலே பயம். எல்லாவற்றுக்கும் "இல்லை" என்று போடுவது பழக்கமாகிவிட்டது. பிறஷர் குளிசை எடுக்கும் ஒரு அண்ணையும் அப்படித்தான் போடப் பார்த்தார். இது வீசாப் படிவம் அல்ல, உண்மையை எழுதினால் ஒருவரும் திருப்பி அனுப்ப மாட்டார்கள் என்று சொல்லி எழுத வைத்தோம். அவருக்கு மிதவை அங்கி கொடுத்து, காவலரின் கண்ணில் படும் இடத்தில் மட்டும் நீந்தச் சொன்னார்கள். அவ்வளவுதான். ஒளித்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று நினைக்கவே பயமாக இருக்கிறது.

ஐம்பது நிமிடம்

பச்சைத் தீவு கெயின்ஸிலிருந்து 27 கிலோமீற்றர். வேகக்கப்பலில் ஐம்பது நிமிடம் மட்டில் போகும். யூலையில் மழை குறைவு, ஆனால் தென்கிழக்குக் காற்று விடாமல் அடிக்கும். கரையை விட்டு வெளியே வந்ததும் கப்பல் தூக்கித் தூக்கிப் போட்டது. பிள்ளைகளுக்கு ஊஞ்சல் ஆடிய சந்தோசம். பெரியவர்கள் நாலு பேர் பையைத் தேடினார்கள். கப்பலின் பின்பக்கமாக, நடுவில் இருந்து, தூரத்தில் கடலும் வானமும் சேரும் இடத்தைப் பார்த்துக்கொண்டிருந்தால் வயிற்றைப் பிரட்டுவது குறையும். பிரட்டத் தொடங்கிய பிறகு மருந்து போட்டுப் பயனில்லை, புறப்படுமுன் போட வேண்டும்.

அக்கா தேசிக்காய் ஒன்றைக் கையில் வைத்து மணந்துகொண்டு, கண்ணை மூடியபடி இருந்தார். மற்றக் கையில் மகள். எஞ்சின் சத்தம் கொஞ்சம் குறையும் போதெல்லாம் கண்ணைத் திறந்தார். நாங்கள் ஆளுக்கு ஆள் மாறி அவருக்குப் பக்கத்தில் இருந்தோம். ஊர்க் கதைதான் கதைத்தோம்.

தீவு

தீவு சிறியது. ஏறக்குறைய 12 ஹெக்டேர், எங்கள் கணக்கில் 30 ஏக்கர். கரையைச் சுற்றி நடந்தால் ஒரு மணித்தியாலம் வேண்டாம். பவள மணல் குவிந்து உண்டான இந்தத் தீவுக்கு வயது 6,000 ஆண்டு மட்டில் என்கிறார்கள். நடுவில் அடர்ந்த காடு, அதற்குள் பலகைப் பாதை போட்டிருக்கிறார்கள். குங்கன்ஜி என்ற ஆதிக்குடி மக்களின் தீவு இது. அவர்கள் இதை வுன்யாமி என்பார்கள். இளைஞர்களுக்குரிய சடங்குகளை இங்கே செய்திருக்கிறார்கள். 1770-ல் குக் என்ற மாலுமி வந்தபோது, தன் கப்பலில் இருந்த கிறீன் என்ற வானியலாளரின் பெயரைத் தீவுக்கு வைத்துவிட்டார். எங்களைப்போல நாங்களும் பச்சை நிறத்தால் வந்த பெயர் என்று நினைத்திருப்பீர்கள்.

19 ஆம் நூற்றாண்டில் இங்கே கடலட்டை வாடி இருந்திருக்கிறது. அட்டையை அவித்துப் புகையிட்டுக் காயவைக்க, தீவின் மரங்களைத்தான் வெட்டி எரித்தார்கள். இதைக் கேட்டதும் மன்னார்க்காரத் தம்பி ஒருவர், "அப்ப எங்கட ஆக்கள் செய்யிற தொழில்தான்" என்றார். 1937-ல் தீவைத் தேசியப் பூங்காவாக்கினார்கள். 1975-ல் பவளத்திட்டுக் கடற்பூங்கா முழுவதற்கும் சட்டம் வந்தது. அந்தப் பூங்காவின் பரப்பு ஏறக்குறைய 344,400 சதுர கிலோமீற்றர். இலங்கையைப்போல ஐந்து மடங்குக்கும் மேல். அதில் மூன்றில் ஒரு பங்கில் ஒரு மீன்கூடப் பிடிக்க முடியாது.

பவளம் என்று புத்தகத்தில் இருப்பது வேறொன்றுமில்லை, எங்கள் முருகைக்கல்தான். அது உயிருள்ளது. சின்னச் சின்னப் பிராணிகள் கூட்டமாக இருந்து கட்டும் வீடு. அவற்றின் உடம்புக்குள் இருக்கும் நுண்ணிய பாசிதான் பெரும்பாலான உணவையும் நிறத்தையும் கொடுக்கிறது. கடல் அளவுக்கு மீறிச் சூடானால் பாசி வெளியேறிவிடும், முருகை வெளுத்துப் போகும். சூடு கெதியாகத் தணிந்தால் பிழைக்கும், இல்லாவிட்டால் சாகும். 1998, 2002, 2016, 2017, 2020, 2022, 2024 உட்படப் பல தடவை பெருமளவில் வெளுத்திருக்கிறது. பிள்ளைகள் வளர்ந்து தங்கள் பிள்ளைகளைக் கூட்டிவரும்போது எவ்வளவு மிஞ்சியிருக்கும் என்று தெரியாது.

ஊரில் நாங்கள் இந்தக் கல்லை வெட்டி மதில் கட்டினோம். நெடுந்தீவில் வேலியே முருகைக்கல் வேலிதான். சூளையில் சுட்டுச் சுண்ணாம்பும் எடுத்தோம். இங்கே ஒரு துண்டைக்கூட எடுக்கக் கூடாது. எங்கள் பையன் ஒருவன் காற்சட்டைப் பைக்குள் ஒன்றை வைத்துவிட்டான். தாய் கண்டு திரும்பக் கரையில் போட வைத்தார். அவனுக்கு அழுகை. அவர் சொன்னார்: "இது அதின்ர வீடு. எங்கட வீட்டுக் கல்லை ஆரும் கழட்டிக்கொண்டு போனால் எப்படி இருக்கும்?" அவன் அழுகையை நிறுத்திவிட்டான். எங்களில் சிலருக்குத்தான் தொண்டை அடைத்தது.

கண்ணாடிப் படகு

நீந்தத் தெரியாதவர்களுக்கு, அடியில் கண்ணாடி பதித்த படகு உண்டு. அக்காவை அதில் ஏற்றினோம். முதலில் கண்ணாடியைப் பார்க்காமல் எங்களையே பார்த்துக்கொண்டிருந்தார். சாதாழைத் தரையைத் தாண்டி முருகை தொடங்கும் இடத்தில் மீன்கூட்டம் ஒன்று கண்ணாடிக்குக் கீழே வந்தது. அக்கா திடீரென்று குனிந்தார்.

"உது ஓரா அல்லோ!"

பிறகு வாய் மூடவில்லை. உது கிளிமீன், அங்கால போறது பாரை, மணலோட படுத்துக் கிடக்கிறது திருக்கை என்று ஒவ்வொன்றாகச் சொன்னார். படகை ஓட்டியவர் ஆங்கிலத்தில் பெயர் சொல்லுமுன் அக்கா தமிழில் சொல்லிவிடுவார். அவர் மெல்லமாகப் படகை நிறுத்தி, "இதற்கு உங்கள் மொழியில் என்ன பெயர்?" என்று கேட்டார். மகள் மொழிபெயர்த்தாள். தாய் வீட்டில் நாள் முழுவதும் அவளிடம் ஆங்கிலம் கேட்டுக் கேட்டு நடப்பவர். அன்று அவள் தாயிடம் கேட்டுத்தான் மற்றவர்களுக்குச் சொன்னாள். "ஓரா சொதிக்கு நல்லது எண்டு சொல்லு" என்று அக்கா சொல்ல, அதையும் சொன்னாள். படகே சிரித்தது.

மத்தியானம் கட்டிக்கொண்டுபோன புளிச்சோற்றையும் கட்டைச் சம்பலையும் மரத்துக்குக் கீழே இருந்து சாப்பிட்டோம். கானாங்கோழி மாதிரி ஒரு பறவை அங்கே நிறைய. பயமே இல்லாமல் வந்து தட்டிலிருந்து கொத்திக்கொண்டு ஓடும். பின்னேரம் கொடி நட்ட இடத்தில், காவலர் பார்த்துக்கொண்டிருக்க, பிள்ளைகள் குளித்தார்கள். அக்கா முழங்கால் அளவு தண்ணீரில் போய் நின்றார். கனநேரம் நின்றார். ஒருவரும் போய்க் கூப்பிடவில்லை.

திரும்பும்போது

பின்னேரம் கப்பலில் ஏறும்போது அந்தப் பிள்ளை மறுபடியும் எண்ணியது. எங்கள் 23 பேரும் சரி. அக்கா நின்று கேட்டார், "எல்லாரையும் எண்ணியாச்சோ?" மகள் கேட்டுச் சொன்னாள்: "ஓம் அம்மா, எல்லாரும் இருக்கினம்."

திரும்பும்போது அவர் கண்ணை மூடவில்லை. மகள் மடியில் நித்திரை. 2012-ல் வந்தவருக்கு 2023-ல் அறிவித்த மாற்றத்துக்குப் பிறகுதான் நிரந்தர வீசா கிடைத்தது. எங்களோடு வந்த ஒரு குடும்பத்துக்கு அதுவும் இன்னும் இல்லை. அவர்களும் அன்று சிரித்தார்கள், படம் எடுத்தார்கள். அது அவர்களுடைய நாளும்தான்.

புதிதாக வந்திருக்கும் குடும்பங்களுக்குச் சில விசயங்கள். கார்த்திகை தொடக்கம் வைகாசி வரை அந்தப் பக்கக் கடலில் ஆளைக் கொல்லக்கூடிய ஜெலிமீன் வரும். அந்த மாதங்களில் போனால் உடம்பு மூடிய நீச்சலுடை கட்டாயம் போடுங்கள். ஆனி, ஆடியில் போவது நல்லது. தொப்பியும் நீளக்கைச் சட்டையும் கொண்டு போங்கள். முருகையில் காலை வைக்காதீர்கள், அதற்கும் கூடாது, உங்கள் காலுக்கும் கூடாது. கொடி இல்லாத இடத்தில் இறங்காதீர்கள். எல்லாவற்றுக்கும் மேலாக, பிள்ளைகளை நீச்சலுக்கு விடுங்கள், நீங்களும் பழகுங்கள். இந்த நாட்டில் எங்கே போனாலும் தண்ணீர் இருக்கிறது.

திரும்பி வந்த அடுத்த கிழமை, எங்கள் தொழிற்சாலைக்குப் பக்கத்து நீச்சல் தடாகத்தில் பெரியவர்களுக்கான வகுப்பில் மூன்று பேர் பெயர் கொடுத்தோம். அக்காதான் முதற்பெயர்.