வெள்ளெலியும் மேட்டாங்காடும்

சேலத்திலிருந்து இராசிபுரம் வழியாக நாமக்கல்லுக்குப் போகிறவர்களின் கண்கள், கிழக்கே தொடர்ந்து வரும் ஜருகுமலையிலும் போதமலையிலும் கொல்லிமலையிலும் லயித்துவிடுவது இயல்பே. மலைகளுக்குத் தலபுராணங்கள் உண்டு. மேற்கே ஓடும் காவிரிக்குக் காவியங்களில் இடம் உண்டு. ஆனால் மலைக்கும் ஆற்றுக்கும் இடையே, செம்மண்ணும் சரளையும் கலந்து, பாறைக் கரடுகள் ஆங்காங்கே தலைகாட்ட, கிளுவை வேலிக்குள்ளும் வேலியின்றியும் பரந்து கிடக்கும் மேட்டாங்காட்டைப் பற்றி யாரும் பெருமையாகப் பேசுவதில்லை. மழை பொய்த்த வருஷங்களில் அதைப் பார்க்கிறவர்கள், இங்கே என்ன இருக்கிறது என்று கேட்டுவிட்டுப் பதிலுக்குக் காத்திராமல் போய்விடுகிறார்கள். அங்கே வெள்ளெலி இருக்கிறது. அதன் வாழ்க்கையைச் சற்றே அறிந்துகொண்டவர்களுக்கு அந்தப் பூமியை வெற்றுநிலம் என்று சொல்ல மனம் வராது.

எலி என்றதுமே முகஞ்சுளிப்பவர்கள் பலர். வீட்டுக் கூரையிலும் சாக்கடையிலும் திரியும் எலியை மனத்தில் வைத்துக்கொண்டு வெள்ளெலியையும் வெறுப்பது, அதற்குச் செய்யும் அநீதியாகும். நிலக்கடலை அறுவடையை ஒட்டி வரப்போரத்து வளைகளை வெட்டும்போது அகப்படும் ஒன்றை அருகில் வைத்துப் பார்த்தால் வேற்றுமை உடனே விளங்கும். 15 முதல் 20 சென்டிமீட்டர் வரை நீளமுள்ள உடல்; முதுகில் காய்ந்த புல்லின் நிறமும் செம்மண்ணின் நிறமும் கலந்தாற்போன்ற மெல்லிய ரோமம்; வயிறும் பாதங்களும் தூய வெண்மை. உடலைவிடச் சற்று நீண்டிருக்கும் வாலின் பக்கங்கள் வெளுத்தும், மேலும் கீழும் கறுத்தும் இருக்க, நுனியில் கருமயிர்க் குஞ்சம் ஒன்று முடிந்திருக்கும். கண்கள் பெரியவை, கரியவை, இரவுக்கென்றே அமைந்தவை. மேல்வாயின் முன்பற்கள் இரண்டிலும் நெடுக ஒரு பள்ளக்கோடு ஓடும். நம் வயல்களில் வாழும் பெரும்பான்மையான மற்ற எலிகளின் பற்களில் அது கிடையாது. பின்கால்களோ முன்கால்களைவிட மிக நீண்டவை. சாவதானமாக இரை தேடும் போது நான்கு கால்களாலும் நடக்கும் இப்பிராணி, ஆந்தையின் நிழலோ மனிதனின் காலடியோ உணர்ந்த மாத்திரத்தில் பின்கால்களை உந்தி, குஞ்ச வாலால் உடலைச் சமன்செய்துகொண்டு, திசை மாற்றி மாற்றித் தத்திச் சென்று மறைந்துவிடும்.

இந்தத் தத்தல்தான் பழைய இயற்கை சாஸ்திரிகளையும் மயக்கியது. 1807ஆம் ஆண்டில் இதற்கு முதன்முதலாக விஞ்ஞானப் பெயர் சூட்டிய தாமஸ் ஹார்ட்விக் என்னும் கம்பெனிப் படை அதிகாரி, மத்திய ஆசியாவிலும் அரபு நாடுகளிலும் பின்கால்களாலேயே துள்ளித் திரியும் ஜெர்போவாக்களின் இனத்தில் இதையும் சேர்த்துவிட்டார். பின்வந்தவர்கள் அதைத் திருத்தி, ஜெர்பில் என்னும் கூட்டத்தைச் சேர்ந்தது எனக் கண்டு, 'டாட்டெரா இண்டிகா' என்ற பெயரை வழக்கில் கொண்டுவந்தார்கள். சிரியா, ஈராக், ஈரான் ஆகிய தேசங்களில் தொடங்கி, சிந்துவெளியும் தார் பாலைவனமும் கடந்து, தக்காணம் முழுவதும் பரவி, இலங்கை வரையில் வாழும் இந்த எலிக்கு, நமது சேலம், நாமக்கல் சமவெளி ஒரு நீண்ட வறண்ட ராஜ்யத்தின் தென்பகுதி மாகாணம் என்றே சொல்லலாம்.

இதே போன்ற வாழ்க்கையை உலகத்தின் மறுபக்கத்தில் வேறு சில எலிகள் வாழ்ந்து வருகின்றன. வட அமெரிக்காவின் மேற்குப் பகுதியிலும் மெக்சிகோவிலும் ஏறத்தாழ 20 இனங்களாகப் பிரிந்து வாழும் கங்காரு எலிகளே அவை. கங்காருவுக்கும் அவற்றுக்கும் எவ்வித உறவும் இல்லை. வெள்ளெலிக்கும் அவற்றுக்குமோ எலிக்கூட்டம் என்ற மிகத் தூரத்து உறவு மாத்திரமே. அப்படியிருந்தும் நீண்ட பின்கால், குஞ்சம் வைத்த வால், இராக்காலச் சஞ்சாரம், மண்ணுக்குள் வளை, செவிக்குப் பின்னால் மண்டையோட்டில் புடைத்து நிற்கும் எலும்புக் குமிழ் என எல்லாம் ஒத்திருக்கின்றன. அக்குமிழின் உதவியால் மிகத் தாழ்ந்த சப்தங்களையும் கங்காரு எலி கேட்டுவிடுகிறது. ஆந்தை இறக்கை வீசிவரும் ஓசையும் பாம்பு சீறிப் பாயும் கணத்து ஓசையும் அதன் காதுக்குத் தப்புவதில்லை. ஒளிய மரமில்லாத திறந்த வெளி, இடைவிட்டுப் பெய்யும் மழை, காற்றில் சிதறிக் கிடக்கும் விதைகள், வானத்திலிருந்தும் புதரிலிருந்தும் வரும் பகைவர்கள் என்ற நிலைமை எங்கே உண்டோ அங்கே சிருஷ்டி ஏறக்குறைய ஒரே சரீரத்தைத் திரும்பத் திரும்ப வார்த்தெடுக்கிறது.

தண்ணீர் விஷயத்தில் கங்காரு எலி செய்யும் சாதனை பிராணி உலகத்திலேயே மிகவும் வியக்கத்தக்கது. இரண்டாம் உலக யுத்தத்துக்குப் பின்னர் அரிசோனாப் பாலைவனத்தில் இதை ஆராய்ந்த நுட் ஷ்மிட்-நீல்சனும் அவர் மனைவி போடிலும், இவ்வெலி தன் ஆயுளில் ஒரு துளி நீர் அருந்தாமலும், உலர்ந்த தானியத்தை மட்டுமே தின்றும் சுகமாக வாழ முடியும் என்று நிரூபித்தார்கள். 100 கிராம் உலர்ந்த பார்லியை உடல் எரித்து ஜீரணித்துக்கொள்ளும்போது, அந்த எரிதலின் விளைவாகவே சுமார் 54 கிராம் நீர் உடலுக்குள் பிறக்கிறது. அந்தச் சொற்ப நீரை இழக்காமல் காப்பதுதான் சாமர்த்தியம். அதன் சிறுநீரகம் மனிதனுடையதைவிடச் சுமார் நான்கு மடங்கு செறிவான சிறுநீரைப் பிரிக்கவல்லது. மூச்சு வெளியேறும்போது குளிர்ந்த மூக்குத் துவாரத்தின் உட்சுவரில், உலைமூடியில் ஆவி நீராகப் படிவதைப் போல, ஈரம் படிந்து உடலுக்கே திரும்பிவிடுகிறது.

நமது வெள்ளெலிக்கு இவ்வளவு கடுமையான விரதம் தேவைப்படவில்லை. சித்திரை, வைகாசியில் பாறைகள் கொதிக்கும் இந்தப் பிரதேசத்திலும் தென்மேற்குப் பருவமும் வடகிழக்குப் பருவமும் ஏதோ ஒரு பங்கை அளித்துத்தான் செல்கின்றன. ஆகவே அது விதையோடு கிழங்கையும் வேரையும் பசுந்தழையையும் புழுபூச்சிகளையும் ஆகாரமாகக் கொண்டு, அவற்றின் ஈரத்தாலேயே காலந்தள்ளுகிறது. 1959ஆம் ஆண்டிலிருந்து ஜோத்பூரில் இயங்கிவரும் மத்திய வறள்நில ஆராய்ச்சி நிலையத்தில், ஈசுவர் பிரகாஷ் என்ற அறிஞர் பாலைவன எலிகளைப் பற்றியே தம் வாழ்நாளின் பெரும்பகுதியைச் செலவிட்டார். பருவத்துக்குப் பருவம் வெள்ளெலியின் உணவு மாறிக்கொண்டே இருக்கும் செய்தி அத்தகைய ஆராய்ச்சிகளால்தான் தெளிவாயிற்று.

உணவைவிட அதன் வளை அதிகக் கவனத்துக்குரியது. கோடை வெயிலில் மேல்மண் கால் வைக்க முடியாதபடி சுடும்போதும், சில அடி ஆழத்தில் மண் குளிர்ந்து, காற்றில் ஈரம் தங்கியிருக்கும். அங்கே காய்ந்த இலையும் புல்லும் பரப்பிய அறை ஒன்று. அதிலிருந்து பல திசைகளில் பிரிந்து செல்லும் சுரங்கங்கள். அவற்றில் சில, தரைமட்டத்துக்குச் சற்றுக் கீழே, மெல்லிய மண் திரையோடு நின்றுவிடும். வெளியிலிருந்து பார்ப்பவனுக்கு அங்கே வாசல் இருப்பதே தெரியாது. திறந்த வாசலில் சாரைப்பாம்பு நுழைந்தாலும் கடப்பாரை விழுந்தாலும், எதிர்பாராத வேறோரிடத்தில் மண்ணைப் பிளந்துகொண்டு எலி வெளியே பாயும். எலி பிடிப்பதில் தேர்ந்த கிழவர்கள் வளையின் வாயை வெட்டத் தொடங்கும் முன், சுற்றிலும் தரையைக் காலால் தட்டிப் பார்த்து, பொய் மண் மூடிய இடங்களுக்கெல்லாம் ஒவ்வோர் ஆளை நிறுத்துவார்கள். அந்தத் தரையறிவு புத்தகத்தில் கிடைப்பதன்று. பிடிபட்ட வெள்ளெலியைச் சுட்டும் குழம்பு வைத்தும் விரும்பி உண்பவர்கள் இந்நாட்டுப்புறங்களில் உண்டு.

வெள்ளெலியால் விவசாயிக்கு நஷ்டம் இல்லை என்று நான் வாதாட வரவில்லை. விதைத்த கடலைப் பருப்பைத் தோண்டித் தின்கிறது. காய் பிடித்த பின்னும் மண்ணைப் பறித்துச் சேதம் செய்கிறது. முற்றும் கதிரைச் சாய்க்கிறது. மானாவாரியை நம்பி ஒரே போகம் எடுக்கும் ஒருவனுக்கு அது சிறிய இழப்பன்று. ஆயினும் வயலில் நடக்கும் திருட்டு அனைத்தையும் இதன் தலையில் சுமத்துவது சரியாகாது. படிக்கணக்கில் கதிர்களை வளைக்குள் இழுத்துக் குவித்து வைப்பது கரம்பை எலி. அதையன்றிப் புல் எலியும் வயல் சுண்டெலியும் தம் தம் பங்கை எடுத்துக்கொள்கின்றன. எல்லாவற்றுக்கும் மருந்து ஒன்றே என்று நஞ்சு கலந்த பொரியை வரப்பெல்லாம் தூவுவது எனக்கு உடன்பாடானதல்ல. நஞ்சுண்ட எலியைத் தின்னும் பறவைக்கும் நஞ்சு சேர்கிறது. கூகை ஒன்று அடையும் பாழ்மண்டபத்தின் கீழே அது கக்கிய உருண்டைகளைப் பொறுக்கி நீரில் ஊறவைத்துப் பிரித்தால், சின்னஞ்சிறு மண்டையோடுகள் வரும். பள்ளக்கோடு ஓடிய பற்களால் வெள்ளெலியின் தலையை மற்றவற்றிலிருந்து பிரித்தறியலாம். ஓர் இரவின் வேட்டைக் கணக்கு அதில் எழுதப்பட்டிருக்கிறது. வயலில் ஆந்தை அமர்வதற்கென்று குறுக்குக் கழி கட்டிய குச்சிகளை நடச் சொல்லி வேளாண் துறையினர் கூறிவரும் யோசனை, நஞ்சைவிட நிதானமானது.

இந்தப் பிராணியோடு மனிதனுக்குள்ள மற்றொரு சம்பந்தம் கொடியது. 1896இல் பம்பாயில் புகுந்து தேசமெங்கும் பரவிய பிளேக் நோய், வீட்டெலிகள் மடிந்து, அவற்றின் தெள்ளுப்பூச்சிகள் மனிதரைக் கடிப்பதால் வந்தது என்பது பலரும் அறிந்ததே. வீட்டெலிகள் எல்லாம் மாண்ட பிறகும் நோய் எங்கே மறைந்திருந்து மீண்டும் தலைதூக்குகிறது என்ற கேள்விக்கு, வெளியில் வாழும் வெள்ளெலியிடம் விடை கிடைத்தது. அது நோயை ஓரளவு தாங்கி நிற்கக்கூடியதாதலால் கிருமி அதனிடையே நெடுங்காலம் தங்கிவிடுகிறது. 1965 வரை சேலம் ஜில்லாவைச் சேர்ந்திருந்த ஓசூர்ப் பகுதியும், அதையடுத்த கன்னட, ஆந்திர எல்லைகளும் இவ்வகைக் கண்காணிப்புக்கு உரிய இடங்களாயின. பெங்களூரிலுள்ள பிளேக் கண்காணிப்பு நிலையத்தார் காட்டெலிகளைப் பிடித்துச் சோதித்து வரும் காரியம், யாரும் பாராட்டாத ஒரு பெரிய சேவை.

நிலத்துக்கு இத்தகைய எலிகள் என்ன செய்கின்றன என்பதற்கு அரிசோனாவில் நடந்த ஒரு பரிசோதனை சான்று தருகிறது. அங்கே போர்ட்டல் என்ற ஊருக்கருகே 1977ஆம் ஆண்டில், ஜேம்ஸ் பிரவுன் என்பவரும் அவர் சகாக்களும் கால் ஹெக்டேர் அளவுள்ள நிலத்துண்டுகளுக்கு வேலியிட்டு, சிற்றெலிகள் நுழையவும் கங்காரு எலிகள் நுழையாமலிருக்கவும் தக்கபடி அதில் துவாரங்கள் அமைத்தார்கள். 12 ஆண்டுகளுக்குப் பின், புதர் மண்டிய பாலையாயிருந்த அத்துண்டுகளில் உயரமான புற்கள் சுமார் மூன்று மடங்கு பெருகியிருந்தன. பெரிய விதைகளைத் தேடித் தின்றும், மண்ணை ஓயாமல் கிளறியும் வந்த மூவகைக் கங்காரு எலிகளே அந்நிலத்தின் தோற்றத்தை நிர்ணயித்துக் கொண்டிருந்தன என்று 1990இல் அவர்கள் வெளியிட்டார்கள். கொழுக்கட்டைப் புல்லும் வெள்வேல மரமும் நிற்கும் கொங்கு நாட்டுக் கொறங்காடுகளில் வெள்ளெலியை வைத்து இதே கேள்வியைக் கேட்க, நமது கல்லூரி மாணவர்களில் சிலராவது முன்வர வேண்டும் என்பது என் ஆசை.

கலிபோர்னியாவின் சான் ஹோக்கின் பள்ளத்தாக்கில் நடந்ததையும் நாம் கவனிக்க வேண்டும். கங்காரு எலிகளிலேயே பெரிய இனம் அங்கேயுள்ள புல்வெளியில் வாழ்கிறது. புற்கதிர்களை வெட்டி, வளைக்கு வெளியே போர் போட்டு, வெயிலில் உலர்த்தியபின் உள்ளே எடுத்துச் செல்லும் அளவுக்குக் குடித்தனப் பாங்கு உள்ளது. கால்வாய்ப் பாசனம் வந்து, புல்வெளி பழத்தோட்டமும் பருத்திக் காடும் ஆனபோது அதன் இருப்பிடத்தில் மிகப் பெரும்பகுதி மறைந்துவிட, 1987இல் அதை அழிவின் விளிம்பிலுள்ள இனமென்று அந்நாட்டு அரசாங்கம் பிரகடனம் செய்தது. அவ்வெலியையே முக்கிய இரையாகக் கொண்ட சிறிய நரி இனம் ஒன்றும் அதே பட்டியலில் இருக்கிறது.

வெள்ளெலிக்கு அத்தகைய ஆபத்து இன்று இல்லை; அது பரந்த தேசங்களில் ஏராளமாக வாழ்கிறது. ஆனால் அதனோடு நிலத்தைப் பங்கிட்டுக்கொண்ட ஜீவன்களுக்கு அதே பாக்கியம் இல்லை. வாழப்பாடியைச் சுற்றியுள்ள கிராமங்களில் பொங்கலை ஒட்டி வலைபோட்டுப் பிடித்து, மாலையிட்டு, ஊர்வலம் விட்டு, அதன் முகத்தில் விழித்தால் மழையும் விளைவும் பெருகும் என்று நம்பி, பிறகு விட்டுவிடும் வழக்கத்துக்கு உரிய வங்காநரி, இந்த மேட்டாங்காட்டிலேயே குழி தோண்டிக் குட்டி ஈன்று, எலியும் பூச்சியும் இலந்தைப் பழமும் தின்று வாழும் பிராணி. 1972ஆம் ஆண்டின் வனவுயிர்ச் சட்டத்தைக் காட்டி, நரி பிடிப்பவர்களை வனத்துறையினர் வருஷந்தோறும் எச்சரிக்கிறார்கள், அபராதமும் விதிக்கிறார்கள். அது சரியே. ஆயினும் அந்நரி குழிபறிக்கும் மேய்க்கால் புறம்போக்கு ஏட்டில் தரிசு என்றே பதிவாகியிருக்கிறது. அதை வீட்டு மனையாக அளந்து கல் நடுகிறவனையும், கல்லுடைக்கக் குத்தகை எடுக்கிறவனையும், நல்லெண்ணத்தோடேயே புல்லைப் பெயர்த்து வரிசையாக மரக்குழி வெட்டுகிறவனையும் அந்தச் சட்டத்தைக் காட்டி யாரும் நிறுத்துவதில்லை. வலையிலிருந்து விடுபட்ட நரி திரும்பிச் செல்லவேண்டிய இடமும், அது இரவில் தேடித் திரியும் வெள்ளெலியின் வளைகளும் அந்தத் தரிசில்தான் இருக்கின்றன.