உப்புத் தண்ணீருக்குச் சீயக்காய் ஏன்?

தர்மபுரி மாவட்டத்தில் பல ஊர்களின் ஆழ்துளைக் கிணற்று நீரில் சோப்பு போட்டுத் தலை அலசினால் முடி சிக்காகிறது. அந்த நீரில் உள்ள ஃபுளோரைடைச் சந்தேகிப்பது இயல்பு. ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் 2013இல் வந்ததே அதற்காகத்தான். ஆனால் ஃபுளோரைடு கெடுப்பது பல்லையும் எலும்பையும். முடியைப் படுத்துவது கால்சியமும் மக்னீசியமும்: சோப்பின் கொழுப்பு அமிலத்தோடு சேர்ந்து, கரையாத பிசுக்காகப் படிகின்றன. சீயக்காயின் சபோனின் அப்படித் திரிவதில்லை. அதன் கரைசல் லேசான அமிலம் என்பதால் முடியின் செதில்களும் படிந்தே இருக்கும்.

ஷாம்புவும் பிசுக்காவதில்லையே என்றால், உண்மைதான்; மென்மையானதாக இருந்தால் தவறில்லை. சீயக்காய் வறட்டுகிறது என்பதும் சரியே. அதனால்தான் முதலில் தேங்காய் எண்ணெய்: அதன் லாரிக் அமிலம் முடிக்குள் ஊடுருவி, அலசும்போது புரதம் இழப்பதைக் குறைக்கிறது. கடைசி அலசலுக்கு ஒகேனக்கல் திட்டக் குழாயில் வரும் காவிரித் தண்ணீர் ஒரு சொம்பு போதும்.