கேளாது எடுத்த படம்

1965ஆம் ஆண்டு. யப்பானின் கியூசூ தீவிலே மினமாட்டா என்னும் கடலோரப் பட்டினத்துக்குத் தொலைக்காட்சிப் படமொன்று எடுக்கச் சென்றிருந்தார் நொறியாக்கி சுச்சிமோட்டோ. மீனவர் குடியிருப்பைப் படம் பிடித்துக்கொண்டிருந்தபோது, நோயுற்ற பிள்ளையொன்றின் தாய் சீறி எழுந்தாள். எம்மைக் கேளாமல் எம் பிள்ளையை எப்படிப் படமெடுக்கலாம் என்பது அவள் கேள்வி. விடை கூற இயலாது நிலைகுலைந்தார் அவர். (இன்று கையிலுள்ள தொலைபேசியே கமெரா. கேட்டு எடுப்போர் நம்மில் எத்தனை பேர்?)

அத்தாயின் கோபத்துக்குக் காரணம் உண்டு. சிஸ்ஸோ என்னும் இரசாயனத் தொழிற்சாலை கடலில் விட்ட கழிவுநீரிலே பாதரச நஞ்சு கலந்திருந்தது. நஞ்சு மீனிற் சேர்ந்தது. மீனை உண்டவர் உடலிற் சேர்ந்தது. கைகால் நடுங்கின, பார்வை குறுகிற்று, நாத் தடுமாறிற்று. கருவிலிருந்த சிசுக்களும் தப்பவில்லை. 1956இல் நோய் வெளிப்பட்டும், தொழிற்சாலையே காரணமென அரசாங்கம் ஒப்புக்கொண்டது 1968இலேதான். அதுகாறும் நோயாளரை ஊரவரே ஒதுக்கினர். ஊருக்குச் சோறிட்டது அத்தொழிற்சாலையன்றோ!

சுச்சிமோட்டோ (1928–2008) இதற்கு முன் புகையிரதத் தொழிலாளரையும் தோக்கியோ நகரத்து டாக்சிச் சாரதியையும் விவரணப் படமாக்கியவர். ஆயினும் அவரது வாழ்நாட்பணி மினமாட்டாவிலேயே அமைந்தது. 1970இல் மீண்டும் சென்று, வழக்குத் தொடுத்திருந்த 29 குடும்பங்களை நாடிப் பழகினார். மறு ஆண்டு வெளிவந்த 'மினமாட்டா: நோயாளரும் அவர்தம் உலகமும்' என்னும் படத்தில் இரு காட்சிகள் எம் நெஞ்சை விட்டகலா. முதியவர் ஒருவர் ஆழமற்ற கடலில் நடந்து பேய்க்கணவாய் பிடிக்கிறார். அவர் முகத்தில் எத்துணை மகிழ்ச்சி! நோயை மாத்திரம் காட்ட விரும்பும் நெறியாளர் இதனை வெட்டி எறிந்திருப்பார். மற்றையது ஒசாக்காவில் நடந்த பங்குதாரர் கூட்டம். உள்ளே நுழைவதற்கென்றே ஆளுக்கொரு பங்கு வாங்கிய நோயாளர், யாத்திரிகர்போல வெள்ளுடை தரித்து, மணியொலித்துப் பௌத்தப் பாடல் பாடுகின்றனர். மாண்ட பெற்றோரின் நினைவுப் பலகைகளை ஏந்திய பெண்ணொருத்தி, கம்பனித் தலைவரை நெருங்கிக் கதறுகிறாள்.

படம் உலகெங்கும் பேசப்பட்டது. அவருக்கோ அது போதவில்லை. தமக்கு வந்திருப்பது இன்ன நோயென்றே அறியாத மீனவர் எதிர்க்கரைத் தீவுகளில் இருந்தனர். 1977இல் அக்கிராமங்கள்தோறும் திரையையும் இயந்திரத்தையும் சுமந்து சென்று தம் படங்களைக் காட்டினார்.

1990களில் மனைவியாருடன் மீண்டும் மினமாட்டாவிலே தங்கினார். இம்முறை படமெடுக்க அன்று. இறந்தோரின் படங்களை வீடு வீடாகக் கேட்டுப் பெறுவதற்கு. மறுத்தோரும் உளர். சுமார் 500 முகங்கள் சேர்ந்தன. 1996இல் தோக்கியோவில் நடந்த மினமாட்டாக் கண்காட்சியிலே அவை வரிசையாக வைக்கப்பட்டன.